சதவீதமும் இயற்கணிதமும்: சேர்த்தே கற்றுக்கொள்ள ஒரு முழுமையான வழிகாட்டி

ஆறாம் வகுப்பைத் தாண்டியதும் கணக்குப் புத்தகத்தில் சதவீதமும் இயற்கணிதமும் அடுத்தடுத்து வந்துவிடும். பெரும்பாலும் இரண்டையும் சம்பந்தமே இல்லாத பாடங்களாகத்தான் நடத்துகிறார்கள். முன்னதற்கு ஒரு சூத்திரம், பின்னதற்கு "அந்தப் பக்கம் போனால் குறி மாறும்" என்று ஒரு விதி. தேர்வு முடிந்ததும் இரண்டும் மறந்துபோகும்.

சதவீதக் கணக்கில் மாணவர்கள் எந்த இடத்தில் திணறுகிறார்களோ, அதே இடத்தில்தான் இயற்கணிதம் தேவைப்படத் தொடங்குகிறது. அதனால் இரண்டையும் ஒரே தொடர்ச்சியாகப் படிப்பதுதான் நல்லது என்பது என் உறுதியான கருத்து. இந்த வழிகாட்டி அந்த வரிசையில்தான் போகிறது. நீங்கள் மாணவராக இருந்தாலும் சரி, பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்கும் பெற்றோராக இருந்தாலும் சரி, பக்கத்தில் ஒரு தாளும் பென்சிலும் வைத்துக்கொண்டு படியுங்கள்.

தொடங்கும் முன் ஒரு சின்ன சோதனை

நான்கு கேள்விகள். 3/4ஐத் தசமமாக எழுதுங்கள். 0.06 × 50 எவ்வளவு? 5 − 8 எவ்வளவு? 18/24ஐச் சுருக்கினால் என்ன வரும்? விடைகள் முறையே 0.75, 3, −3, 3/4.

தயங்காமல் வந்தால் மேலே போகலாம். ஒன்றில் தடுமாறினால்கூட முதலில் அதைச் சரிசெய்யுங்கள். பின்னமும் தசமமும் ஆட்டம்காணும்போது சதவீதம் நிற்காது. குறை எண்கள் பழகாமல் சமன்பாட்டுக்குள் போனால் ஒவ்வொரு வரியிலும் சந்தேகம் வரும். இதற்காகச் செலவிடும் சில நாட்கள் வீண்போகாது.

படி 1: "எதில்?" என்று கேட்கப் பழகுங்கள்

சதவீதம் என்பது பகுதியில் 100 உள்ள ஒரு பின்னம். 35% என்றால் 35/100, அதாவது 0.35. வரையறை இவ்வளவுதான். பத்துக்குப் பத்து என்று 100 கட்டங்கள் வரைந்து 35 கட்டங்களை நிழலிட்டுப் பார்த்தால் கண்ணுக்கே தெரிந்துவிடும்.

ஆனால் வரையறையைவிட முக்கியமான ஒன்று இருக்கிறது. 35% என்று மட்டும் சொன்னால் அதற்கு அளவு கிடையாது. எதில் 35%? 200இல் என்றால் 70. 20இல் என்றால் 7. எந்த முழுமையின் சதவீதம் என்று தெரியாதவரை அந்த எண்ணை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. சதவீதக் கணக்கில் வரும் பெரும்பாலான தவறுகள் பெருக்கலில் வருவதில்லை. முழுமை எது என்று பார்க்காமல் விட்டதால் வருகின்றன. ஆகவே % குறி கண்ணில் பட்டதும் "எதில்?" என்று கேட்டு, பதிலை ஓரத்தில் எழுதிவிடுங்கள். அப்புறம் கணக்குப் போடுங்கள்.

சில பின்னங்களுக்கு உரிய சதவீதத்தை மனப்பாடமாகவே வைத்துக்கொள்ளலாம்: 1/2 என்றால் 50%, 1/4 என்றால் 25%, 1/5 என்றால் 20%, 1/8 என்றால் 12.5%. 1/3 மட்டும் முழுதாக வராது, 33.33… என்று நீண்டுகொண்டே போகும். அந்த இடத்தில் பின்னமாகவே வைத்துக் கணக்குப் போடுவதுதான் சுத்தம்.

படி 2: மனக்கணக்கு

10% கண்டுபிடிக்க 10ஆல் வகுத்தால் போதும். 1% கண்டுபிடிக்க 100ஆல். மற்றதையெல்லாம் இவற்றிலிருந்து கட்டிவிடலாம். 240இல் 35% வேண்டுமா? 10% என்பது 24, ஆக 30% என்பது 72. 5% என்பது 24இல் பாதி, 12. கூட்டினால் 84.

இன்னொரு வசதி. 25இல் 16% எவ்வளவு என்று கேட்டால் தலை சுற்றும். 16இல் 25% என்று திருப்பிக் கேட்டால் உடனே 4 என்று சொல்வீர்கள். இரண்டும் ஒன்றே. ஏனென்றால் இரண்டிலும் நாம் செய்வது 16 × 25 ÷ 100தான், பெருக்கலில் வரிசை மாறினால் விடை மாறாது.

கால்குலேட்டர் கையில் இருந்தாலும் முதலில் உத்தேசமாக ஒரு விடை சொல்லிப் பாருங்கள். 610இல் 48% என்றால், 50%க்குக் கொஞ்சம் குறைவு, ஆக 305க்குச் சற்றுக் கீழே இருக்கவேண்டும். 292.8 என்று வந்தால் நம்பலாம். 2928 என்று வந்தால் தசமப்புள்ளி இடம் மாறியிருக்கிறது என்று அந்த நொடியே தெரிந்துவிடும்.

படி 3: மூன்று கேள்விகள், ஒரே உறவு

எல்லாச் சதவீதக் கணக்குக்கும் அடியில் இருப்பது இந்த ஒரு வரிதான்:

பங்கு = வீதம் × முழுமை

84 = 0.35 × 240 என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். இதில் மூன்று எண்கள் இருக்கின்றன. ஏதாவது ஒன்றை மறைத்தால் ஒரு கேள்வி பிறக்கும். 240இல் 35% எவ்வளவு? 84 என்பது 240இல் எத்தனை சதவீதம்? எந்த எண்ணின் 35% 84 ஆகும்? முதல் கேள்விக்குப் பெருக்குகிறோம். இரண்டாவதற்கு 84ஐ 240ஆல் வகுக்கிறோம், 0.35 வருகிறது. மூன்றாவதற்கு 84ஐ 0.35ஆல் வகுக்கிறோம், 240 வருகிறது.

மூன்றுக்கும் தனித்தனிச் சூத்திரம் மனப்பாடம் செய்ய வேண்டாம். ஒரு கணக்கு முடிந்ததும் அதே எண்களை வைத்து மற்ற இரண்டு கேள்விகளையும் நீங்களே உருவாக்குங்கள். பாடப்புத்தகத்தில் ஒரே மாதிரியான இருபது கணக்குகளைப் போடுவதைவிட, ஐந்து கணக்குகளை இப்படி மூன்று திசையிலும் திருப்பிப் போடுவது அதிகம் கற்றுத்தரும்.

படி 4: கூடுவதும் குறைவதும்

ஓர் அளவு 20% கூடியது என்றால், பழைய 100% அப்படியே இருக்க, மேலே 20% சேர்கிறது. மொத்தம் 120%. ஆக 1.2ஆல் பெருக்கினால் புதிய அளவு நேராக வந்துவிடும். 20% குறைந்தால் மிஞ்சுவது 80%, ஆக 0.8ஆல் பெருக்கவேண்டும். 3% கூடினால் 1.03, 12.5% குறைந்தால் 0.875. இந்த எண்ணைப் பெருக்குக் காரணி என்று சொல்லலாம். தனியாக 20% கண்டுபிடித்து, பிறகு கூட்டும் இரண்டடுக்கு முறையும் சரியே. ஆனால் இனி வரும் கணக்குகளுக்குப் பெருக்குக் காரணிதான் கைகொடுக்கும்.

ஒன்று பாருங்கள். ஓர் அளவு 20% கூடி, பிறகு 20% குறைந்தால் பழைய இடத்துக்கே வருமா? 1.2 × 0.8 = 0.96. வராது, 4% குறைந்துவிட்டது. காரணம் படி 1இல் கேட்ட அதே கேள்வி. கூடியது பழைய அளவில் 20%, குறைந்தது புதிய, பெரிய அளவில் 20%. சதவீதம் ஒன்றாக இருந்தாலும் முழுமை மாறிவிட்டது. இதே காரணத்தால்தான் 50% குறைந்த ஒன்று பழைய நிலைக்குத் திரும்ப 100% கூடவேண்டியிருக்கிறது. 10% வீதம் மூன்று முறை தொடர்ந்து கூடினால் 30% ஆகாது. 1.1 × 1.1 × 1.1 = 1.331, அதாவது 33.1%.

செய்திகளில் அடிக்கடி குழம்பும் இன்னோர் இடமும் உண்டு. தேர்ச்சி 40%இலிருந்து 50% ஆனது என்றால் 10% கூடியது என்று எழுதிவிடுவார்கள். கூடியது 10 சதவீதப் புள்ளிகள். 40ஐ முழுமையாக வைத்துப் பார்த்தால் உயர்வு 25%.

சதவீதங்களைச் சராசரி எடுப்பதிலும் கவனம் வேண்டும். 20 பேர் உள்ள வகுப்பில் 90% தேர்ச்சி, 80 பேர் உள்ள வகுப்பில் 50% தேர்ச்சி. மொத்தத்தில் 70% என்று சொல்லத் தோன்றும். எண்ணிப் பாருங்கள்: 18 பேரும் 40 பேரும் சேர்ந்து 58 பேர், 100 பேரில். ஆக 58%.

படி 5: பின்னோக்கிப் போகும் கணக்கு

இந்த இடத்தில் அவசரப்படாதீர்கள்.

"ஓர் அளவு 20% கூடியபின் 180 ஆனது. முதலில் எவ்வளவு இருந்தது?" பெரும்பாலோர் 180இல் 20% கழித்து 144 என்று எழுதுவார்கள். சோதித்துப் பாருங்கள்: 144 × 1.2 = 172.8. பொருந்தவில்லை.

எதில் 20%? முதலில் இருந்த அளவில். அது நமக்குத் தெரியாது. கையில் இல்லாத ஒன்றில் 20% எப்படி எடுப்பது? அதற்கு ஒரு பெயர் வைத்துவிட்டால் போதும். பாடப்புத்தகத்தில் எக்ஸ், ஒய் என்று இருக்கும். எழுத்து எதுவானாலும் கணக்கு மாறாது. இங்கே "ப" என்று வைத்துக்கொள்வோம். முதலில் இருந்தது ப. 20% கூடியபின் 1.2 × ப. அது 180 என்று சொல்லியிருக்கிறார்கள்.

1.2ப = 180

இரு பக்கத்தையும் 1.2ஆல் வகுத்தால் ப = 150. சோதனை: 150இல் 20% 30, கூட்டினால் 180. சரி.

நீங்கள் இப்போது போட்டது இயற்கணிதம். தெரியாத எண்ணை, தெரிந்ததைப் போலவே பெயர் வைத்துக் கையாள்வதுதான் அதன் அடிப்படை. இந்த வழக்கம் பழமையானது. 628இல் நூல் எழுதிய பிரம்மகுப்தர் தெரியாத எண்களை நிறங்களின் பெயர்களைக்கொண்டு குறித்தார். தெரியாத எண்களுக்கு லத்தீன் எழுத்துவரிசையின் கடைசி எழுத்துகளை வைக்கும் இன்றைய வழக்கம் 1637இல் வெளிவந்த தெக்கார்த்தின் வடிவியல் நூலிலிருந்து பரவியது.

படி 6: எழுத்து என்பது எண், "=" என்பது சமம்

இங்கே இரண்டு விஷயங்கள் தெளிவாக வேண்டும்.

முதலாவது, ப என்பது ஓர் எண். பொருளின் பெயர்ச்சுருக்கம் அல்ல. "3ப என்றால் மூன்று பந்து" என்று சொல்லிக்கொடுப்பது அப்போதைக்கு எளிதாக இருக்கும், பின்னால் தொல்லை கொடுக்கும். பந்துகளின் எண்ணிக்கை, பந்தின் எடை என்று ஓர் எண்ணைத்தான் எழுத்து குறிக்கவேண்டும். 3ப என்பது 3 × ப. ப = 4 என்றால் 3ப = 12. 34 என்று எழுதும் மாணவர்கள் உண்டு. எண்களில் பக்கத்துப் பக்கத்தில் எழுதினால் இடமதிப்பு என்று பழகியவர்களுக்கு இது இயல்பாக வரும் குழப்பம். அதனால் முதல் சில நாட்களுக்குப் பெருக்கல் குறியை வெளிப்படையாகவே போடுங்கள்.

இரண்டாவது, சமக்குறி. 8 + 4 = □ + 5 என்று எழுதிக் கட்டத்தில் என்ன வரும் என்று கேளுங்கள். 12 என்று பதில் வந்தால், "=" என்பதை "விடையை எழுது" என்ற கட்டளையாகப் புரிந்துகொண்டிருக்கிறார்கள் என்று அர்த்தம். சரியான விடை 7. இரண்டு பக்கமும் ஒரே மதிப்பு என்பதுதான் அந்தக் குறியின் பொருள். 1557இல் அதை அச்சில் கொண்டுவந்த ராபர்ட் ரெக்கார்ட், ஒரே நீளமுள்ள இரு இணைகோடுகளைவிடச் சமமானவை வேறு எவையும் இருக்க முடியாது என்றுதான் காரணம் சொன்னார். 5 + 3 = 8 × 2 = 16 என்று சங்கிலியாக எழுதும் பழக்கத்தை இப்போதே விட்டுவிடுங்கள். அந்த வரி 5 + 3 = 16 என்று சொல்கிறது.

படி 7: கோவைகளைச் சுருக்குதல்

5ப + 3 + 2ப மாதிரி எண்ணும் எழுத்தும் கலந்து எழுதியதைக் கோவை என்றும், அதில் கூட்டல், கழித்தல் குறிகளால் பிரிந்து நிற்கும் துண்டுகளை உறுப்புகள் என்றும் சொல்வார்கள். ஒத்த உறுப்புகளை மட்டும் சேர்க்கலாம். 5ப + 3 + 2ப = 7ப + 3. இது 10ப ஆகாது, ஏனெனில் 3 என்பது ப-வின் மடங்கு இல்லை. ப + ப = 2ப. ப × ப = ப². அடைப்புக்குறிக்கு வெளியே எண் இருந்தால் உள்ளே இருக்கும் ஒவ்வோர் உறுப்பையும் அது பெருக்கும்: 3(ப + 4) = 3ப + 12.

கழித்தல் குறிக்குப் பின் அடைப்புக்குறி வந்தால் நிதானம். 10 − (ப − 3) என்பது 10 − ப + 3, அதாவது 13 − ப. உள்ளே கழிக்கப்பட்ட 3 வெளியே வரும்போது கூடுகிறது.

சுருக்கியது சரியா என்று யாரிடமும் கேட்கத் தேவையில்லை. ப-வுக்கு ஓர் எண்ணைப் போட்டுப் பாருங்கள். ப = 4 என்றால் 10 − (4 − 3) = 9, 13 − 4 = 9. பொருந்துகிறது. சோதனைக்கு 0, 1, 2 வேண்டாம். 2 + 2வும் 2 × 2வும் 4தான், ஆக 2ப-வும் ப²-உம் ஒன்றே என்ற தவறான முடிவுகூட ப = 2 என்று போட்டால் தப்பிவிடும். 5, 7 மாதிரி எண்கள் நம்பகமானவை. எண் பொருந்தவில்லை என்றால் தவறு நிச்சயம். பொருந்தினால் இன்னோர் எண்ணையும் போட்டுப் பார்ப்பது நல்லது.

படி 8: சமன்பாட்டைத் தீர்த்தல்

சமன்பாட்டைச் சமநிலையில் நிற்கும் தராசாக நினையுங்கள். ஒரு தட்டில் எதைச் செய்கிறோமோ அதையே மறுதட்டிலும் செய்யவேண்டும். விதி அது ஒன்றே.

3ப + 5 = 26. ப-வுக்கு என்ன நடந்திருக்கிறது? 3ஆல் பெருக்கி, 5 கூட்டியிருக்கிறார்கள். கடைசியில் நடந்ததை முதலில் அவிழ்க்கவேண்டும். இரு பக்கமும் 5 கழித்தால் 3ப = 21. இரு பக்கத்தையும் 3ஆல் வகுத்தால் ப = 7.

"அந்தப் பக்கம் போனால் குறி மாறும்" என்ற விதியை நான் தொடக்கத்தில் சொல்லித்தரமாட்டேன். விதி தவறு என்பதால் அல்ல. காரணம் தெரியாமல் அதைக் கற்றவர்கள் 3ப = 21 என்ற இடத்தில் 3ஐயும் குறி மாற்றி அனுப்பி, ப = 21 − 3 = 18 என்று எழுதுகிறார்கள். இரு பக்கமும் செய்வதை ஒவ்வொரு வரியிலும் எழுதிப் பழகியவருக்கு இந்தத் தவறு வராது. கை பழகியபின் குறுக்குவழி தானாகவே வரும். இயற்கணிதத்துக்கு ஐரோப்பிய மொழிகள் வைத்திருக்கும் பெயரே (ஆங்கிலத்தில் அல்ஜீப்ரா) இந்தச் செயலிலிருந்து வந்தது. பாக்தாதில் 820 வாக்கில் அல்-குவாரிஸ்மி எழுதிய நூலில் "அல்-ஜப்ர்" என்பது கழிக்கப்பட்ட உறுப்பை இரு பக்கமும் கூட்டி நிறைவாக்கும் செயலைக் குறித்தது.

ப இரு பக்கமும் இருந்தால், ஒரு பக்கம் கொண்டுவாருங்கள். 5ப − 7 = 2ப + 11. இரு பக்கமும் 2ப கழித்தால் 3ப − 7 = 11. இரு பக்கமும் 7 கூட்டினால் 3ப = 18, ப = 6. மூலச் சமன்பாட்டில் போட்டால் இடப்பக்கம் 23, வலப்பக்கமும் 23.

பின்னம் வந்தால் பகுதிகளின் பொது மடங்கால் இரு பக்கத்தையும் பெருக்கிவிடுங்கள். ப/4 + ப/6 = 10 என்றால் 12ஆல் பெருக்கி, 3ப + 2ப = 120, ப = 24. வலப்பக்க எண்ணையும் பெருக்க மறக்கக் கூடாது.

படி 9: வாக்கியக் கணக்குகள்

ப எதைக் குறிக்கிறது என்று ஒரு முழு வாக்கியமாக முதலில் எழுதுங்கள். "ப = மொத்த மாணவர்களின் எண்ணிக்கை" என்பதுபோல. இந்த வரியை விட்டவர்கள்தான் கடைசியில் எந்த எண் விடை என்று தேடுகிறார்கள்.

அடுத்து, சொற்களின் வரிசையை அப்படியே சமன்பாடாக்கிவிடாதீர்கள். மாணவர்களின் எண்ணிக்கை ம, ஆசிரியர்களின் எண்ணிக்கை ஆ என்று வைத்துக்கொண்டு, "ஓர் ஆசிரியருக்கு 6 மாணவர்கள்" என்று படித்ததும் 6ம = ஆ என்று எழுதத் தோன்றும். மாணவர்கள்தானே அதிகம்? ஆசிரியர்கள் 10 பேர் என்றால் மாணவர்கள் 60. ஆக ம = 6ஆ. பெரியவர்களும் தடுமாறும் கணக்கு இது, ஓர் எண்ணைப் போட்டுப் பார்த்தால் நொடியில் தெளிந்துவிடும். "ஓர் எண்ணிலிருந்து 5ஐக் கழி" என்றால் ப − 5, "5இலிருந்து ஓர் எண்ணைக் கழி" என்றால் 5 − ப. எதிலிருந்து கழிக்கிறோம் என்பதைப் பார்த்து எழுதுங்கள்.

இப்போது இரண்டு பாடங்களும் சேரும் ஒரு கணக்கு. ஒரு பள்ளியில் 40% மாணவிகள். மாணவர்கள் மாணவிகளைவிட 90 பேர் அதிகம். மொத்தம் எத்தனை பேர்? எதில் 40%? மொத்தத்தில். அது தெரியாது, ஆக அதுதான் ப. மாணவிகள் 0.4ப, மாணவர்கள் 0.6ப. 0.6ப − 0.4ப = 90, ஆக 0.2ப = 90, ப = 450. மாணவிகள் 180, மாணவர்கள் 270, வேறுபாடு 90.

எனக்கு மிகவும் பிடித்த கணக்கு அடுத்தது. 100 கிலோ உப்புக்கரைசலில் 99% நீர். கொஞ்சம் நீர் ஆவியானபின் 98% நீராக இருக்கிறது. இப்போது கரைசலின் எடை எவ்வளவு? 99 கிலோ இருக்கும் என்று மனம் சொல்லும். மாறாதது எது என்று பாருங்கள். உப்பு 1 கிலோ, அது ஆவியாகவில்லை. இப்போதைய எடை ப என்றால், அதில் உப்பு 2%. ஆக 0.02ப = 1, ப = 50. பாதிக் கரைசல் போய்விட்டது! நம்பமுடியாவிட்டால் சோதியுங்கள்: 50 கிலோவில் 98% என்பது 49 கிலோ நீர், மீதி 1 கிலோ உப்பு. 99%உம் 98%உம் வேறுவேறு முழுமைகளில் எடுத்தவை என்பதை இதைவிட அழுத்தமாகச் சொல்லும் கணக்கு எனக்குத் தெரியாது.

பயிற்சி செய்யும் விதம்

தினமும் இருபது நிமிடம், வாரக் கடைசியில் மூன்று மணி நேரம் உட்காருவதைவிடப் பலன் தரும். ஒரே வகைக் கணக்குகளை வரிசையாகப் போடாமல் கலந்து போடுங்கள், எந்த முறை வேண்டும் என்று தேர்ந்தெடுப்பதும் பயிற்சிதான். சொல்லிக்கொடுப்பவர்கள் தவறைக் கண்டதும் திருத்திவிடாமல் "எதில் இந்தச் சதவீதம்?", "விடையைத் திருப்பிப் போட்டுப் பார்த்தாயா?" என்று கேளுங்கள். அவர்களே கண்டுபிடித்த தவறு திரும்ப வருவது குறைவு.

தனியாகப் போட்டுப் பார்க்க

1. 360இல் 15% எவ்வளவு?
2. எந்த எண்ணின் 30% 72 ஆகும்?
3. ஓர் அளவு 25% குறைந்து 90 ஆனது. முதலில் எவ்வளவு?
4. சதுரத்தின் பக்கம் 10% கூடினால் பரப்பளவு எத்தனை சதவீதம் கூடும்?
5. 4(ப − 3) = 2ப + 10.
6. ஓர் எண்ணின் 20%உடன் 18ஐக் கூட்டினால் அதே எண்ணின் 35% கிடைக்கிறது. எண் எது?
7. 15% உப்புள்ள 40 கிலோ கரைசலை 10% ஆக்க எத்தனை கிலோ நீர் சேர்க்கவேண்டும்?

விடைகள்: 54, 240, 120, 21%, 11, 120, 20 கிலோ. ஏழாவதில் சிக்கினால் உப்பின் எடையை முதலில் கண்டுபிடியுங்கள். அது 6 கிலோ, நீர் சேர்த்தபின்னும் 6 கிலோதான். புதிய மொத்த எடையில் அது 10%.